பீட்டா 14,000 வருகிறது, கட்டுரையில் போடலாமா?

கேள்வி: நான் இயற்பியல் ஆராய்ச்சி மாணவி. சிலிக்கான் துண்டின் மேல் இரும்பு வினையூக்கி பூசி, வெப்ப சிவிடி முறையில் (சூட்டில் வாயுவிலிருந்து கார்பனைப் படியவைப்பது) பல்சுவர் கார்பன் நானோ குழாய்கள் வளர்த்து, மின்புலத்தால் அவற்றிலிருந்து எலக்ட்ரான் வெளிவருவதை, அதாவது புல உமிழ்வை, அளக்கிறேன். உயரம் சுமார் 20 மைக்ரான், விட்டம் சுமார் 20 நானோமீட்டர். நுண்ணோக்கியில் பார்த்தால் காடு மாதிரி நெருக்கமாக இருக்கிறது. துண்டின் அளவு 5 மி.மீ.க்கு 5 மி.மீ., ஆனோடு (நேர்மின்வாய்) வரை கண்ணாடித் துண்டு வைத்து 200 மைக்ரான் இடைவெளி, 10⁻⁶ டார் வெற்றிடம், பாதுகாப்புக்காகத் தொடரில் 1 மெகா ஓம் தடை. முதல் ஓட்டத்தில் மைக்ரானுக்கு 1.4 வோல்ட்டிலேயே மின்னோட்டம் தொடங்கியது. அடுத்த ஓட்டங்களில் அது 1.8 ஆகி, பிறகு 2இல் நின்றுவிட்டது. 850 வோல்ட்டில் 0.3 மில்லி ஆம்பியர் கிடைத்தது. ஃபௌலர்–நார்டைம் வரைபடம் (புலத்தின் தலைகீழுக்கு எதிராக மின்னோட்டத்தை மடக்கை அளவில் வரைவது) இரண்டு நேர்கோடுகளாக உடைகிறது: ஒன்றின் சாய்வு 32, மற்றதன் சாய்வு 5.5. அவற்றிலிருந்து பீட்டா (குழாய் நுனி மின்புலத்தைக் கூட்டும் மடங்கு) 2,400 என்றும் 14,000 என்றும் வருகிறது. எதைக் கட்டுரையில் போடுவது? மூன்றாம் நாள் ஒரு பொறி பறந்து மின்னோட்டம் பாதியாகிவிட்டது. இன்னும் அடர்த்தியாக வளர்த்தால் சரியாகுமா?

பதில்: 14,000ஐப் போடாதீர்கள். இன்னும் அடர்த்தியாகவும் வளர்க்காதீர்கள். காரணங்களைச் சொல்கிறேன். முதலில் அந்த எண்ணை எடுத்துக்கொள்வோம், உங்கள் சிக்கலின் முக்கால் பங்கு அதில்தான் இருக்கிறது.

கார்பன் பரப்பில் எலக்ட்ரானைப் பிடித்து வைத்திருக்கும் ஆற்றல் சுவரின் உயரம் சுமார் 5 எலக்ட்ரான் வோல்ட். பழைய ரேடியோ வால்வில் இழையைச் சூடாக்கி எலக்ட்ரானை அந்தச் சுவரைத் தாண்டிக் குதிக்க வைத்தார்கள். புல உமிழ்வில் சூடு தேவையில்லை. வெளியிலிருந்து தரும் மின்புலம் சுவரை மெலிதாக்குகிறது, எலக்ட்ரான் அதை ஊடுருவி வெளியே வருகிறது. 1928இல் ஃபௌலரும் நார்டைமும் இதற்குக் கணக்குப் போட்டுக் காட்டினார்கள். அளக்கும் அளவுக்கு மின்னோட்டம் வர, நுனியில் நானோமீட்டருக்கு ஏறக்குறைய 3 முதல் 7 வோல்ட் வரை புலம் வேண்டும். நீங்கள் தருவதோ மைக்ரானுக்கு 2 வோல்ட், அதாவது நானோமீட்டருக்கு 0.002 வோல்ட். நடுவில் இருக்கும் இந்த ஆயிரக்கணக்கான மடங்கைக் குழாயின் கூர்மை ஈடுகட்டுகிறது. அந்த மடங்குதான் பீட்டா.

ஆகவே பீட்டாவைச் சோதிக்க ஒரு பெருக்கல் போதும். நீங்கள் தந்த புலத்தோடு அதைப் பெருக்கிப் பாருங்கள். 2,400ஐ 2ஆல் பெருக்கினால் மைக்ரானுக்கு 4,800 வோல்ட், அதாவது நானோமீட்டருக்கு 4.8 வோல்ட். நடக்கக்கூடியதுதான். 14,000ஐ மேல்பகுதியில் நீங்கள் தந்த 4ஆல் பெருக்கினால் 56,000, அதாவது நானோமீட்டருக்கு 56 வோல்ட் வருகிறது. 5 எலக்ட்ரான் வோல்ட் சுவர் நானோமீட்டருக்குச் சுமார் 17 வோல்ட்டிலேயே முழுவதும் இல்லாமல் போய்விடும். சுவரே இல்லாத இடத்தில் ஊடுருவல் எங்கிருந்து வரும்? சமன்பாட்டுக்குப் பொருந்தாத தரவை அதில் ஊட்டியதால் வந்த எண் இது. புல உமிழ்வுக் கோட்பாட்டாளர் ரிச்சர்ட் ஃபோர்ப்ஸ் 2013இல் இதே யோசனையை முறையான சோதனையாக வகுத்துக் கொடுத்தார். உங்கள் தரவை அதில் ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். பீட்டா பெரிதாக வந்தால் மாதிரி நல்லது என்ற எண்ணம் நம் ஆய்வகங்களில் வேரூன்றிவிட்டது. என் பார்வையில் நம்ப முடியாத அளவுக்குப் பெரிய பீட்டா, அளவீட்டில் எங்கோ கோளாறு என்பதற்கான மணியோசை.

சரி, உங்கள் கோளாறு எங்கே? கேள்வியிலேயே எழுதியிருக்கிறீர்கள்: 1 மெகா ஓம் தடை. 0.3 மில்லி ஆம்பியர் ஓடும்போது அந்தத் தடை மட்டும் 300 வோல்ட்டை எடுத்துக்கொள்கிறது. மின்வழங்கியில் 850 என்று தெரிந்தாலும் குழாய்களுக்குப் போய்ச் சேர்ந்தது 550தான். மைக்ரானுக்கு 4.25 வோல்ட் என்று நீங்கள் குறித்த இடத்தில் உண்மைப் புலம் 2.75. தொடக்கத்தில் (சதுர செ.மீ.க்கு 10 மைக்ரோ ஆம்பியர் என்ற வழக்கமான அளவுகோலில்) உங்கள் துண்டில் ஓடுவது 2.5 மைக்ரோ ஆம்பியர் மட்டுமே என்பதால் இழப்பும் 2.5 வோல்ட்தான், அங்கே ஒன்றும் தெரியாது. மின்னோட்டம் ஏற ஏறக் கோடு படுத்துக்கொண்டே போகும், சாய்வு குறையும். சாய்வு வகுக்கும் இடத்தில் இருப்பதால் (புலம் மைக்ரானுக்கு வோல்ட் கணக்கில் இருந்தால் 76,400ஐச் சாய்வால் வகுக்கிறோம்) பீட்டா ஊதிப் பெருக்கிறது.

முதல் கோட்டின் சாய்வு 32ஐ மட்டும் வைத்துக்கொண்டு, 1 மெகா ஓம் தடையையும் சேர்த்துக் காகிதத்தில் கணக்குப் போட்டுப் பார்த்தேன். 850 வோல்ட்டுக்கு அருகில் 0.3 மில்லி ஆம்பியர் வருகிறது. மேல்பகுதியில் 5.5ஐ ஒட்டிய போலிச் சாய்வும் தானாகவே வருகிறது. அதாவது உங்கள் இரண்டாவது நேர்கோடு பெரும்பாலும் அந்தத் தடைதான். ஒவ்வொரு புள்ளியிலும் மின்னோட்டத்தைத் தடையால் பெருக்கி, மின்னழுத்தத்திலிருந்து கழித்துவிட்டு மறுபடி வரையுங்கள். அதன் பிறகும் வளைவு மிச்சம் இருந்தால் அது குழாயின் வேருக்கும் சிலிக்கானுக்கும் இடையிலான தொடுதடையாகவோ, நுனியில் ஒட்டியிருக்கும் வாயு மூலக்கூறுகளின் வேலையாகவோ இருக்கலாம். அதைப் பற்றி எழுதினால் அது உண்மையான ஆய்வு.

இன்னொரு சிறு திருத்தம். கண்ணாடித் துண்டு வெறும் சிலிக்கான் விளிம்பில் உட்கார்ந்திருக்கிறதா, காட்டின் மேல் உட்கார்ந்திருக்கிறதா? விளிம்பில் என்றால் குழாய் உச்சியிலிருந்து ஆனோடு வரை 180 மைக்ரான்தான், புலம் பத்தில் ஒரு பங்குக்கு மேல் கூடும். காட்டின் மேல் என்றால் குழாய்கள் நசுங்கியிருக்கும், அந்த ஓரங்களை நம்ப வேண்டாம்.

முதல் ஓட்டத்தில் 1.4, கடைசியில் 2 என்று மாறியதற்குக் கவலைப்படாதீர்கள். காற்றில் இருந்து வந்த குழாய் நுனியில் நீராவியும் மற்ற மூலக்கூறுகளும் ஒட்டியிருக்கும். அவை எலக்ட்ரான் வெளியேறுவதைச் சுலபமாக்குகின்றன. மின்னோட்டம் ஏறி நுனி சூடானதும் பறந்துபோகின்றன. கூடவே, மற்றவற்றை விட உயரமாக நீட்டிக்கொண்டிருந்த சில குழாய்கள் முதல் ஓட்டத்திலேயே எரிந்து போயிருக்கும். ஏற்றும்போதும் இறக்கும்போதும் கோடுகள் ஒன்றன் மேல் ஒன்று படியும் வரை திரும்பத் திரும்ப ஓட்டி, அதற்குப் பிறகு வரும் எண்ணைத்தான் எழுத வேண்டும். முதல் ஓட்டத்தின் கவர்ச்சியான 1.4 உங்கள் குழாயின் குணம் அல்ல, அதன் மேல் இருந்த ஈரத்தின் குணம்.

10⁻⁶ டாரில் ஏறக்குறைய ஒரு நொடிக்குள் பரப்பு முழுவதையும் மூடும் அளவு வாயு மூலக்கூறுகள் வந்து மோதுகின்றன. 10⁻⁹ டாரில் அதற்குக் கால் மணி நேரத்துக்கும் மேல் ஆகும். அவ்வளவு கீழே போக உங்களால் முடியாமல் இருக்கலாம், ஆனால் வெற்றிட அறையை இரவு முழுக்கச் சூடாக்கி வைத்தாலே பெரிய வேறுபாடு தெரியும். நீராவியை விட ஆக்சிஜன்தான் கார்பனை நிரந்தரமாக அரிக்கும், அதனால் ஓட்டத்தின் நடுவே கசிவு இருக்கவே கூடாது. எண்ணெய் பரவல் பம்பு என்றால் எண்ணெய் ஆவியைப் பிடிக்கும் திரவ நைட்ரஜன் குளிர்பொறி இல்லாமல் ஓட்டாதீர்கள்.

அப்புறம் மூன்றாம் நாள் பறந்த அந்தத் தீப்பொறி. ஒரு குழாய் நெடுநேரம் தாங்கித் தரக்கூடிய மின்னோட்டம் ஒரு மைக்ரோ ஆம்பியர் என்று வைத்துக்கொண்டால், 0.3 மில்லி ஆம்பியருக்கு 300 குழாய்கள் போதும். உங்கள் காட்டில் சதுர செ.மீ.க்கு நூறு கோடி குழாய் என்று குறைவாகவே எடுத்துக்கொண்டாலும், அந்தச் சிறு துண்டில் 25 கோடி குழாய்கள் நிற்கின்றன. அத்தனை கோடியில் சில நூறு மட்டும் முழுச் சுமையையும் தூக்குகின்றன, மற்றவை வேடிக்கை பார்க்கின்றன. நெருக்கமான நாற்றங்காலில் பயிர் ஒன்றை ஒன்று மறைப்பது போல, பக்கத்துக் குழாய் மின்புலத்தை மறைத்துவிடுகிறது. 20 மைக்ரான் உயரமும் 10 நானோமீட்டர் ஆரமும் உள்ள குழாய் தனியாக நின்றால் அதன் பீட்டா சுமார் 1,100 இருக்கும். காட்டுக்குள் அதில் சிறு பங்குதான் மிஞ்சும். அப்படியிருக்க உங்கள் 2,400 யாருடையது? சராசரியை விட மெலிந்து, தனியே நீட்டிக்கொண்டு, பெரும்பாலும் துண்டின் விளிம்பில் நிற்கும் சில குழாய்களுடையது. விளிம்பு ஒரு மடங்கு கூட்டுகிறது, அதன் மேல் மெலிந்த நுனி இன்னொரு மடங்கு கூட்டுகிறது.

பாவம், அந்தச் சிலதான் எரிகின்றன. நானோ குழாயின் உடல் சூட்டைத் தாங்கும். 2002இல் பிரான்சில் பர்செல் குழுவினர் தனியாக நின்ற ஒரு பல்சுவர் குழாய் தன் உமிழ்வு மின்னோட்டத்தாலேயே 2000 கெல்வின் வரை சூடாகி, நிலையாக நின்றதை அளந்தார்கள். சூடு ஏறினால் உலோகத்தின் தடை கூடும், சூடு இன்னும் ஏறும், கடைசியில் உருகும். பல்சுவர் குழாயில் சூடு ஏறினால் தடை குறைகிறது. அதனால் உங்கள் மாதிரியில் முதலில் கைவிட்டது வேராக இருக்கவே வாய்ப்பு அதிகம். சிலிக்கான் மேல் இரும்பை நேரடியாகப் பூசினால் வளர்ச்சி வெப்பத்தில் இரும்பு உள்ளே இறங்கி சிலிசைடு (சிலிக்கானோடு சேர்ந்த சேர்மம்) ஆகிவிடும். அதைத் தடுக்க அலுமினா அடுக்கு போட்டால் காடு நன்றாக வளரும், ஆனால் அலுமினா மின்காப்பி. அதற்குப் பதில் இரும்புக்கும் சிலிக்கானுக்கும் நடுவில் டைட்டானியம் நைட்ரைடு அடுக்கு ஒன்று போட்டுப் பாருங்கள். அது இரும்பையும் தடுக்கும், மின்சாரத்தையும் கடத்தும். வேர் சரியாகப் பிடிக்காத குழாயைப் புலம் பிடுங்கி ஆனோடு மேல் எறியும், அந்த நேரத்தில்தான் பொறி பறக்கிறது.

ஆகவே அடுத்த மாதிரியில் குழாய்களைக் குறைக்க வேண்டும். குழாய்களுக்கு இடையே அவற்றின் உயரத்தைப் போல இரு மடங்கு இடைவெளி இருந்தால் சதுர செ.மீ.க்குக் கிடைக்கும் மின்னோட்டம் உச்சத்தை ஒட்டி வரும் என்று 2000இல் நில்சன் குழுவினர் காட்டினார்கள். 2005இல் கேம்பிரிட்ஜின் டியோவும் கூட்டாளிகளும் 1.5 கிகாஹெர்ட்சில் இயங்கிய எதிர்மின்வாயைச் செய்தபோது, ஏறக்குறைய 5.5 மைக்ரான் உயரக் குழாய்களை 10 மைக்ரான் தள்ளித் தள்ளி நட்டார்கள். அதற்கு எலக்ட்ரான் கற்றை லித்தோகிராஃபி (எலக்ட்ரான் கற்றையால் நுண் வடிவம் வரையும் முறை) வேண்டும். உங்களிடம் அது இல்லாவிட்டால் ஒரு மலிவான வழி இருக்கிறது. எலக்ட்ரான் நுண்ணோக்கிக்குப் பயன்படும் செப்பு வலையை எடுத்துச் சிலிக்கான் மேல் வைத்து, அதன் கண்கள் வழியாக இரும்பைப் பூசுங்கள். அங்குலத்துக்கு 400 கண் உள்ள வலையில் கண்ணும் கம்பியும் சேர்ந்து 63 மைக்ரான். கம்பி இருந்த இடம் வெறுமையாக, கண் இருந்த இடம் சிறு தூணாக வளரும். வளர்ச்சி நேரத்தைக் குறைத்து உயரத்தை 10 மைக்ரானை ஒட்டி நிறுத்தினால், தூண்களுக்கு நடுவே உயரத்தைப் போல இரண்டு மடங்கு வெளி கிடைத்துவிடும். தூணுக்குள் நெருக்கம் இருக்கத்தான் செய்யும், ஆனால் ஒவ்வொரு தூணுக்கும் நாலு பக்கம் விளிம்பு. ஒரே துண்டின் நான்கு ஓரங்களை நம்பியிருந்த சுமை ஆயிரக்கணக்கான ஓரங்களுக்குப் பிரிந்துபோகும். வலையின் விட்டம் 3 மி.மீ.தான் என்பதால் பரப்பளவைக் கணக்கிடும்போது மறந்துவிடாதீர்கள்.

இன்னொரு வேண்டுகோள், செலவு பார்க்காமல் இதைச் செய்யுங்கள்: உலோக ஆனோடுக்குப் பதில் ஒருமுறையாவது பாஸ்பர் (எலக்ட்ரான் பட்டால் ஒளிரும் பொருள்) பூசிய, மின்சாரம் கடத்தும் கண்ணாடியை வையுங்கள். துத்தநாக ஆக்சைடு பாஸ்பர் உங்கள் 550 வோல்ட்டுக்கே தாராளமாக ஒளிரும். பழைய சிடி பிளேயர் முகப்பில் பார்த்த அதே நீலப்பச்சை ஒளி. மின்னோட்டமானி எல்லாவற்றையும் கூட்டி ஒரே எண்ணாகத் தருகிறது. திரையில்தான் எத்தனை புள்ளிகள் உமிழ்கின்றன, எல்லாம் ஓரத்தில் குவிந்திருக்கின்றனவா என்பது தெரியும். அந்தப் படம் ஒன்று கட்டுரையில் இருந்தால் மதிப்பிடுபவரின் பாதிக் கேள்விகள் எழாது.

கட்டுரையில் என்ன எழுதுவது என்றும் கேட்டிருந்தீர்கள். நிலைப்பட்ட ஓட்டத்தில், சதுர செ.மீ.க்கு 10 மைக்ரோ ஆம்பியர் வந்த தொடக்கப் புலம் மைக்ரானுக்கு 2 வோல்ட். தடை இழப்பைக் கழித்து வரைந்த வரைபடம். வெளியேற்று ஆற்றலை 5 எலக்ட்ரான் வோல்ட் என்று எடுத்துக்கொண்டு, எந்தப் புல எல்லைக்குள் கணக்கிட்டீர்கள் என்ற விவரத்தோடு, தோராய பீட்டா 2,400. வெற்றிட அளவு, இடைவெளியை எங்கிருந்து அளந்தீர்கள், எத்தனை மணி நேரம் ஓட்டினீர்கள் என்பதையும் சேருங்கள்.

1999இல் சாம்சங் குழு 4.5 அங்குல நானோ குழாய்த் திரையைச் செய்து காட்டியபோது, புல உமிழ்வுத் தொலைக்காட்சி வந்துவிடும் என்று பலர் நம்பினார்கள். திரவப் படிகத் திரை அந்தச் சந்தையை எடுத்துக்கொண்டது. இன்று இந்தத் துறை உயிரோடு இருக்கும் முக்கிய இடம் எக்ஸ் கதிர்க் குழாய். 2002இல் வட கரோலினா குழு இதில் மருத்துவப் படம் எடுக்கும் அளவு கதிரைக் காட்டியது. இழை சூடாகக் காத்திருக்க வேண்டாம், வேண்டிய நொடியில் எரியவைத்து அணைக்கலாம், பல மூலங்களை வரிசையாக அடுக்கலாம். நீங்களும் ஒருநாள் அந்தப் பக்கம் போவீர்கள் என்றால், சில ஆயிரம் வோல்ட்டைத் தாண்டும் முன் துறையின் கதிர்வீச்சுப் பாதுகாப்பு அலுவலரிடம் வெற்றிட அறையைக் காட்டிவிடுங்கள், கண்ணாடிச் சன்னல்களை ஈயக் கண்ணாடியால் மூடுங்கள். இப்போதைய 850 வோல்ட்டில் அறையின் எஃகுச் சுவரே போதும்.