இரண்டு இலக்க எண் கணக்கில் சமன்பாடு எப்படி அமைப்பது?

கேள்வியில் உள்ள கணக்கு இது: ஓர் ஈரிலக்க எண்ணின் இலக்கங்களின் கூடுதல் 9. எண்ணுடன் 27 கூட்டினால் இலக்கங்கள் இடம் மாறிவிடும். எண் என்ன?

இந்த எண்ணை xy என்று எழுதினால்தான் சிக்கல். இயற்கணிதத்தில் xy என்றால் x பெருக்கல் y. 36 என்பது 3-உம் 6-உம் ஒட்டி நிற்பதல்ல. மூன்று பத்தும் ஆறு ஒன்றும், அதாவது 10×3 + 6. அதனால் பத்தாம் இலக்கத்தை x, ஒன்றாம் இலக்கத்தை y என வைத்தால் எண் 10x + y. இடம் மாறினால் 10y + x. பலரும் சறுக்குவது இங்கேதான்.

சரி, இனி வாக்கியத்தை அப்படியே எழுதலாம்:

10x + y + 27 = 10y + x

சுருக்கினால் 9y − 9x = 27, அதாவது y − x = 3. முதல் தகவல் x + y = 9. இரண்டையும் கூட்டினால் 2y = 12; y = 6, x = 3. எண் 36. சரிபார்க்க: 36 + 27 = 63.

இன்னொன்று. ஈரிலக்க எண்ணுக்கும் அதைத் திருப்பி எழுதியதற்கும் உள்ள வித்தியாசம் எப்போதும் 9-இன் மடங்குதான். 27-க்குப் பதில் 25 என்று கொடுத்திருந்தால், கணக்கே தப்பு என்று அப்போதே சொல்லிவிடலாம்.