சண்டைப் படத்துல கேமராமேனுக்கு அப்படி என்ன பெரிய வேலை?

ஃபைட் மாஸ்டரே எல்லாத்தையும் சொல்லிக் குடுத்துடுறாரே, அப்புறம் கேமராமேன் எதுக்குன்னு கேட்டிருக்கீங்க. நானும் அப்படித்தான் நெனச்சேன், எங்க ஊர் திருவிழால சிலம்பத்த வீடியோ எடுக்குற வரைக்கும். ஆர்வக்கோளாறுல ஆடுறவர் மூஞ்சிய ஜூம் பண்ணி புடிச்சிட்டேன், வீட்டுக்கு வந்து போட்டுப் பாத்தா கம்பையே காணோம், சாமி வந்தவர் மாதிரி தலைய மட்டும் ஆட்டிட்டு இருக்காரு மனுஷன்.

அதுக்கப்புறம் தேடிப் படிச்சதுல புடிச்ச ஆளு ததாஷி நிஷிமோட்டோங்கிற கேமராமேன். ஜப்பான்காரர். 1950கள்ல ஹாங்காங் ஷா பிரதர்ஸ் கம்பெனிக்கு கலர்லயும் அகலத்திரையிலயும் படம் புடிக்கத் தெரிஞ்ச ஆள் தேவைப்பட்டுச்சு, அப்ப கூப்புட்டுட்டு வந்தாங்க. ஜப்பான் மேல இருந்த ரெண்டாம் உலகப் போர்க் கசப்பு இன்னும் ஆறாத நேரம், அதனால டைட்டில்ல ஹோ லான் ஷான்னு சீனப் பேரு தான் போட்டாங்க, பாவம். அந்தப் பேர்ல எடுத்த ஒரு ராஜா காலத்துப் படத்துக்கு 1962ல கேன்ஸ் பட விழாவுல டெக்னிக்கல் பரிசே கெடச்சுது.

1966ல 'கம் டிரிங்க் வித் மீ' வந்துச்சு, கிங் ஹூ டைரக்ஷன், நம்ம நிஷிமோட்டோ கேமரா. அதுல சத்திரத்துல நடக்குற சண்டைய மட்டுமாவது பாருங்க. ஹீரோயின் அமைதியா உக்காந்திருக்கு, சுத்தி மேஜைக்கு மேஜை ரவுடிங்க, அகலமான ஃப்ரேம்ல யாரு எங்க இருக்கான்னு நமக்கு முன்னாடியே தெரிஞ்சிடும், அதனால அடி விழுறதுக்கு முன்னாடியே நமக்கு வயித்தக் கலக்கும்.

1972ல ப்ரூஸ் லீ தானே டைரக்ட் பண்ண 'வே ஆஃப் தி டிராகன்'க்கும் இவரு தான் கேமரா. ரோம்ல கொலோசியம்ங்கிற பழைய அரங்கத்துல அமெரிக்க கராத்தே வீரர் சக் நாரிஸோட நடக்குற மாதிரி வர்ற ஃபைட்ல முக்காவாசி ஹாங்காங்ல செட் போட்டு எடுத்தது தான். ஆனா ரெண்டு பேரும் தலையில இருந்து கால் வரைக்கும் தெரியுறாங்க, ப்ரூஸ் லீ கால மாத்தி மாத்தி வைக்கிறது வரைக்கும் தெரியும், டூப்பு போட்டு ஏமாத்த வழியே இல்ல. நடுவுல ஒரு பூனைக்குட்டி வேற வேடிக்கை பாக்கும்!

அதே வருஷம் ப்ரூஸ் லீயோட 'கேம் ஆஃப் டெத்'துக்கு இவரு எடுத்த சீன் இன்னும் கஷ்டம். ப்ரூஸ் லீக்கு எதிர்ல கூடைப்பந்து வீரர் கரீம் அப்துல் ஜப்பார், 7 அடி 2 அங்குலம். திரையோ அகலம், ஆளோ உயரம், கிட்ட போனா யாரோ ஒருத்தர் தலை கட் ஆயிடும். நிஷிமோட்டோ கேமராவப் பின்னாடி தள்ளி வச்சிருப்பாரு, அந்த நீளக் கால் மொத்தமா நீட்டி வர்றத அப்ப தான் பாக்க முடியும்.