கேளுங்கள், சிஸ்டர்: ராஜா வீட்டுப் பித்து

கேள்வி: ஐரோப்பிய ராஜ குடும்பங்களில் சொந்தத்திலேயே பெண் எடுத்ததால்தான் அரசர்களுக்குப் புத்தி பேதலித்தது என்கிறார் என் மாமியார். நிஜமா, சிஸ்டர்?
— ஒரு வாசகி, அல்சூர், பெங்களூரு

பதில்: மாமியார் சொல்வதில் கொஞ்சம் நியாயம் உண்டு. ஸ்பெயின் அரசர் இரண்டாம் கார்லோஸின் அம்மா, அவருடைய அப்பாவுக்குத் தங்கை மகள். நம்மிலும் அக்காள் மகளைக் கட்டுகிறோமே என்பீர்கள். அங்கே தலைமுறை தலைமுறையாக அதே வீட்டுக்குள்ளேயே சுற்றிச் சுற்றிக் கட்டினார்கள். ஆனால் கார்லோஸுக்குப் பெரும்பாடு உடம்புதான். சாப்பாட்டை மெல்லவே சிரமம். வாரிசில்லாமல் 1700-இல் இறந்தார்.

பித்து வேறு கதை. பிரான்ஸின் ஆறாம் சார்லஸ் 1392-இல் லெ மான் பக்கம் காட்டில் தன் ஆட்களையே வெட்டினார். அப்புறம் தன் உடம்பு கண்ணாடி, தொட்டால் உடைந்துவிடும் என்று பயந்தார். அவருடைய மகள் வயிற்றுப் பேரன்தான் இங்கிலாந்தின் ஆறாம் ஹென்றி. 1453-இல் அவர் பேச்சை நிறுத்தினார், ஆளும் தெரியவில்லை. பிறந்த மகனைக் காட்டியபோது ஒரு தரம் பார்த்துவிட்டுக் கண்ணைத் தாழ்த்திக்கொண்டார். மறு வருஷம் கிறிஸ்துமஸ் வாக்கில் தெளிந்து, பிள்ளைக்கு என்ன பேர் என்று கேட்டாராம். மனநல வார்டில் வேலை பார்த்த எனக்கு இது புதிதல்ல. மாதக்கணக்கில் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தவர், ஒரு நாள் காலை காபி கேட்பார்.

ஹென்றிக்குத் தாய்வழியில் வந்திருக்கலாம். அதற்குச் சொந்தத்தில் கட்டியிருக்க வேண்டும் என்பதில்லை.

ஒருத்தரைப் பைத்தியம் என்றால் யாருக்கு லாபம் என்றும் நான் பார்ப்பேன். சொத்து விவகாரத்தோடு வார்டுக்கு வந்த குடும்பங்களைப் பார்த்த பழக்கம். ஸ்பெயினில் காஸ்டீல் என்ற நாட்டின் அரசி ஹுவானாவின் புருஷன் 1506-இல் இறந்தார். சவப்பெட்டியோடு ஊர் ஊராகப் போனாள் என்பார்கள், போனாள்தான், துக்கம். 1509-இல் அப்பா ஃபெர்னாண்டோ அவளை டோர்டெசியாஸில் அடைத்தார். அவருக்குப் பிறகு அவள் பெற்ற மகனும் விடவில்லை. 1555-இல் சாகும்வரை பட்டம் அவளுக்கு, ஆட்சி அவர்களுக்கு. அவளுக்கு நோயே இல்லை என்று சொல்லவில்லை. 46 வருஷம் பூட்டி வைத்தால் யாருக்குத்தான் வராது?

ஜெர்மனியில் பவேரியாவின் அரசர் இரண்டாம் லூட்விக்கைப் பரிசோதிக்காமலே 1886 ஜூனில் நான்கு மருத்துவர்கள் பைத்தியம் என்று கையெழுத்துப் போட்டார்கள். சில நாளில் அவரும் அந்த நால்வரில் முதல்வரான குடனும் ஸ்டார்ன்பெர்க் ஏரியில் பிணமாகக் கிடந்தார்கள். ஆளைப் பார்க்காமல் ரிப்போர்ட் எழுதியிருந்தால் எங்கள் பெரிய டாக்டர் அதைக் கிழித்து மூஞ்சியிலேயே எறிந்திருப்பார்.