மாதம் நாலாயிரம் மிச்சம் என்கிறார்கள், 30 வருஷக் கடன் எடுக்கலாமா?

கேள்வி: எனக்கு வயது 33. திருச்சியில் தனியார் கம்பெனி வேலை, கைக்கு வரும் சம்பளம் 82,000 ரூபாய். திருவெறும்பூர் பக்கம் 52 லட்சத்துக்கு ஒரு தனி வீடு பார்த்திருக்கிறோம். அதில் 40 லட்சம் வங்கிக் கடன், 8.5 சதவீத ஃப்ளோட்டிங் (ஏறி இறங்கும்) வட்டி. 20 வருஷம் என்றால் இ.எம்.ஐ. 34,713. 30 வருஷம் என்றால் 30,757. "மாதம் நாலாயிரம் மிச்சம், முப்பதே போடுங்க சார்" என்கிறார் லோன் ஏஜென்ட். மாமனாரோ, "வாங்குறது நாற்பது, கட்டுறது எண்பது. கடனே வேண்டாம்" என்கிறார். யார் சொல்வது சரி? இந்த வீடு கடைசியில் எனக்கு எவ்வளவுக்கு விழும்?

பதில்: ஏஜென்ட்டின் நாலாயிரத்தை முதலில் பார்த்துவிடலாம். சரியாகச் சொன்னால் 3,956 ரூபாய். அதை 20 வருஷம் மிச்சம் பிடித்தால் 9.49 லட்சம் சேரும். ஆனால் 21-வது வருஷம் பிறக்கும்போது இருபது வருஷக் கடன்காரருக்குப் பத்திரம் கைக்கு வந்திருக்கும். உங்களுக்கு இன்னும் 120 தவணை பாக்கி இருக்கும். மாதம் 30,757 வீதம் அது 36.91 லட்சம். மொத்தமாகக் கூட்டினால் 20 வருஷக் கடனுக்கு நீங்கள் கட்டுவது 83.31 லட்சம், 30 வருஷக் கடனுக்கு 1 கோடியே 10.72 லட்சம். வித்தியாசம் 27 லட்சத்துக்கு மேல். வட்டியில் அரை சதவீதம் குறைத்துக் கேட்டு நாலு வங்கி ஏறி இறங்குகிறோம் இல்லையா? இதே கடனில் 8.5 சதவீதம் 8 ஆனால் 20 வருஷத்தில் மிச்சமாவது 3 லட்சம்தான்.

இந்த நாலாயிரம் எங்கிருந்து குறைகிறது என்று ஏஜென்ட் சொல்லியிருக்க மாட்டார். முதல் மாதக் கணக்கை ஒரு தாளில் போட்டுப் பாருங்கள். 40 லட்சத்துக்கு 8.5 சதவீதம் என்றால் ஒரு மாத வட்டி 28,333 ரூபாய். 20 வருஷமா 30 வருஷமா என்பதெல்லாம் இந்த வட்டிக்குத் தெரியாது, இரண்டிலும் அதேதான். 34,713 கட்டினால் வட்டி போக 6,380 அசலில் கழியும். 30,757 கட்டினால் 2,424 மட்டும் கழியும். ஆக, உங்களுக்குக் குறைத்துக் கொடுத்த 3,956 ரூபாயும் முழுக்க அசலில் இருந்து எடுத்தது. வட்டியில் பத்துப் பைசாகூடக் குறையவில்லை.

ஐந்து வருஷம் கழித்துப் பார்த்தால் இன்னும் நன்றாகத் தெரியும். 20 வருஷக் கடனில் அதற்குள் 20.83 லட்சம் கட்டியிருப்பீர்கள், பாக்கி அசல் 35.25 லட்சம். 30 வருஷக் கடனில் 18.45 லட்சம் கட்டியிருப்பீர்கள், பாக்கி 38.20 லட்சம். அறுபது மாதம் கட்டி அசலில் 1.80 லட்சம் குறைந்திருக்கிறது. என்னிடம் வருபவர்களில் பாதிப் பேர் முதன்முதலாக ஸ்டேட்மென்ட் எடுத்துப் பார்ப்பது இந்த ஐந்தாம் வருஷத்தில்தான். "வங்கியில் ஏதோ தப்பாகக் கழித்திருக்கிறார்கள்" என்று சொல்லிக்கொண்டு வருவார்கள். தப்பு எதுவும் இருக்காது. 20 வருஷக் கடனிலேயே தவணையில் அசலின் பங்கு வட்டியைத் தாண்டுவதற்கு 12-வது வருஷம் ஆகிவிடும். பாதி அசல் அடைபட ஏறக்குறைய 14 வருஷம்.

சரி, மாமனாருக்கு வருவோம். அவர் சொல்வது கணக்காகச் சரி, முடிவாகச் சரியில்லை. 83 லட்சம் என்பது 20 வருஷத்துக்குப் பரவிக் கிடக்கும் பணம். விலைவாசி வருஷத்துக்கு 5 சதவீதம் ஏறும் என்று வைத்தால், கடைசி மாதம் நீங்கள் கட்டும் 34,713 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 13,000 ரூபாய்தான். எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால், 20 வருஷக் கடனின் மொத்தச் செலவு சுமார் 52.6 லட்சம். நாற்பதுக்கு ஐம்பத்திரண்டரை. சும்மா கிடைத்த பணமில்லை, அதே நேரம் மாமனார் பயப்படும் அளவுக்கும் இல்லை. இதற்கு எதிரே, வீடு வாங்காவிட்டால் கொடுக்கப்போகும் வாடகையையும் வைத்துப் பார்க்க வேண்டும்.

நேர்மையாகச் சொல்வதென்றால் இதே கணக்கு ஏஜென்ட்டுக்கும் கொஞ்சம் உதவி செய்கிறது. 30 வருஷக் கடன் இன்றைய மதிப்பில் 57.3 லட்சம். அதாவது 27 லட்ச வித்தியாசம், பண மதிப்பைச் சேர்த்துப் பார்த்தால் ஐந்து லட்சத்துக்குப் பக்கம் வந்துவிடுகிறது. அப்படியானால் 30 வருஷமே எடுத்துக்கொண்டு, மிச்சமாகும் 3,956-ஐ மியூச்சுவல் ஃபண்டில் போடலாமே என்று ஒரு கட்சி உண்டு. தாளில் அது நிற்கும். 240 மாதமும் விடாமல் போட்டவரை நான் இன்னும் பார்க்கவில்லை.

நான் 30 வருஷத்தை வேண்டாம் என்பதற்குக் காரணம் அந்த 27 லட்சமும் இல்லை, இந்த ஐந்து லட்சமும் இல்லை. அசலுக்குப் போகும் அந்த 2,424 ரூபாய். உங்களுடையது ஃப்ளோட்டிங் வட்டி. வங்கிகள் 2019 அக்டோபரிலிருந்து புதிய ஃப்ளோட்டிங் வீட்டுக் கடன்களை ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு கட்டிப்போட வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒரு முறையாவது வட்டியைத் திருத்த வேண்டும். ரெப்போ ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும். 8.5 சதவீதம் 9.25 ஆகிறது என்று வையுங்கள், முக்கால் சதவீதம்தான். 40 லட்சத்துக்கு மாத வட்டி 30,833 ஆகிவிடும். உங்கள் தவணை 30,757. வட்டிக்கே 76 ரூபாய் குறைகிறது! கட்டாத வட்டி அசலோடு சேர்ந்து கடன் வளர்ந்துகொண்டே போக ரிசர்வ் வங்கி விதி இடம் தராது, அதனால் தவணையை ஏற்றியே ஆக வேண்டும். ஏஜென்ட் மிச்சம் பிடித்துக் கொடுத்தது போன இடம் தெரியாது. 34,713 கட்டும் 20 வருஷக் கடனோ, 10.4 சதவீதம் வரை தாக்குப்பிடிக்கும்.

இது கற்பனை இல்லை. 2022 மே மாதம் 4 சதவீதத்தில் இருந்து ஏறத் தொடங்கிய ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5-இல் வந்து நின்றது. அதற்கு ஒன்றரை வருஷம் முன்பு 6.75 சதவீதத்தில் 40 லட்சம், 20 வருஷத்துக்கு எடுத்தவர் ஒருவரை எடுத்துக்கொள்ளுங்கள். தவணை 30,415. ஒன்றரை வருஷம் கட்டிய பிறகு பாக்கி 38.5 லட்சம். அப்போது மொத்த உயர்வும் ஒரேயடியாக வந்து வட்டி 9.25 ஆனதாக வைத்துக்கொண்டால், மாத வட்டி மட்டும் 29,682. அசலுக்குக் கிடைப்பது 733 ரூபாய். அதே தவணையில் கடன் முடிய இன்னும் 485 மாதம் ஆகும். மீதி 18½ வருஷம் என்று நினைத்திருந்தவருக்கு நாற்பது வருஷம்! நிஜத்தில் வங்கிகள் இவ்வளவு தூரம் விடாமல் நடுவில் தவணையை ஏற்றிவிடும். ஆனால் தவணையைத் தொடாமல் காலத்தை மட்டும் நீட்டியபோது பலருக்குத் தெரியவே இல்லை. மாதம் பிடிக்கும் தொகை மாறாததால் செல்போனில் வந்த செய்தியை யாரும் கவனிக்கவில்லை.

அதற்குப் பிறகுதான், 2023 ஆகஸ்ட்டில், ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை இப்போது கடன் வாங்கியவருக்கு உண்டு. இத்தனை தவணை பாக்கி, இதுவரை இவ்வளவு அசல் போயிருக்கிறது என்று மூன்று மாதத்துக்கு ஒரு முறை கணக்கும் கொடுக்க வேண்டும். அந்தத் தாளில் "பாக்கித் தவணைகள்" என்ற ஒரே ஒரு எண்ணைப் பாருங்கள். மூன்று மாதத்தில் மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையாவிட்டால் கிளைக்குப் போய்த் தவணையைக் கூட்டச் சொல்லி எழுதிக் கொடுங்கள். வட்டி இறங்கும்போது இதற்கு நேர்மாறு. 2025-இல் ரெப்போ 6.5-இல் இருந்து 5.25 வரை இறங்கியது. அப்படி இறங்கும்போது தவணையைக் குறைத்துத் தரட்டுமா என்று கேட்டால் வேண்டாம் என்றுவிடுங்கள்.

ஆக, 20 வருஷமே எடுங்கள். 82,000-இல் 34,713 என்பது 42 சதவீதம், கொஞ்சம் இறுக்கம்தான். பைக் லோன், பர்சனல் லோன் ஏதாவது ஓடிக்கொண்டிருந்தால் 25 வருஷம் போட்டு 32,209 கட்டுங்கள், சம்பளம் ஏறியதும் தவணையை ஏற்றிக்கொள்ளலாம். தனிநபரின் ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் வாங்கக் கூடாது என்பது விதி. அதனால் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு ரூபாயும் நேராக அசலுக்குப் போகும். 20 வருஷக் கடனில் ஆரம்பத்தில் இருந்தே மாதம் 5,000 கூடுதலாகக் கட்டினால் 14 வருஷம் 9 மாதத்தில் முடிந்துவிடும், வட்டியில் 13 லட்சம் மிச்சம். அது முடியாதென்றால் தீபாவளி போனஸில் வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். மூன்று வருஷத்துக்கு மேல் குறையும், எட்டு லட்சம் மிச்சமாகும். கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கேட்க வேண்டும், இல்லாவிட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுவார்கள். ஆனால் ஆறு மாதத் தவணைக்கான பணம் கையில் இல்லாமல் முன்கூட்டி அடைக்கும் வேலையில் இறங்காதீர்கள். பி.எஃப். பணத்தையும் தொடாதீர்கள், அது 8.25 சதவீதம் தரும் பணம்.

வட்டிக்கு வெளியே இருக்கும் செலவுகளில் பெரியது பத்திரப் பதிவு. தமிழ்நாட்டில் தனி வீட்டுக் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் சேர்த்து 9 சதவீதம். 52 லட்சத்துக்கு 4.68 லட்சம். இதை வங்கி கடனில் சேர்க்காது, வீட்டு விலையில் கடன் போக மீதி 12 லட்சத்தோடு இதுவும் உங்கள் கையில் இருந்துதான் போக வேண்டும். அப்புறம் பிராசஸிங் கட்டணம், அதற்கு ஜி.எஸ்.டி., வக்கீல் லீகல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், வங்கியில் பத்திரத்தை ஒப்படைத்ததைப் பதிவு செய்யும் எம்.ஓ.டி. செலவு. எம்.ஓ.டி. மட்டுமே உங்கள் தொகைக்கு இருபதாயிரத்தைத் தாண்டலாம்.

என் முதல் வீட்டுக் கடனில் நான் ஏமாந்தது இன்னொரு இடத்தில். கேட்டதைவிடக் கடன் தொகை ஒரு லட்சத்துச் சொச்சம் கூடுதலாக இருந்தது. கையெழுத்துப் போட்ட கட்டுத் தாள்களில் ஒன்று கடனுக்கான ஆயுள் காப்பீடு என்று பிறகுதான் தெரிந்தது. பிரீமியத்தை ஒரே தடவையாகக் கடனிலேயே சேர்த்துவிட்டார்கள். உங்களுக்கு இப்படி 1.2 லட்சம் சேர்த்தால், 20 வருஷ வட்டியோடு அது இரண்டரை லட்சமாகும். கடனுக்குக் காப்பீடு இருப்பது நல்லதுதான், அதைத் தனியாக டேர்ம் பாலிசியாக எடுங்கள். வங்கி சொல்லும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. 2024 அக்டோபரிலிருந்து, கடன் கொடுக்கும் முன்பே கீ ஃபேக்ட்ஸ் ஸ்டேட்மென்ட் என்ற தாளைத் தந்தாக வேண்டும். அதில் ஏ.பி.ஆர். என்று ஒரு சதவீதம் இருக்கும். வட்டியோடு இந்தக் கட்டணங்களையும் சேர்த்த விகிதம் அது. இரண்டு வங்கிகளை ஒப்பிடுவதென்றால் விளம்பர வட்டியை விட்டுவிட்டு இதை ஒப்பிடுங்கள்.

வரிச் சலுகையை நம்பிக் கணக்குப் போடாதீர்கள். சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு வருஷம் 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரிமுறையில்தான். புதிய வரிமுறையில் இருப்பவருக்கு அது கிடையாது.

கடைசித் தவணை கட்டிய பிறகு ஒரு வேலை இருக்கிறது. கடன் முடிந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தாமதம் என்றால் நாளுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். பத்திரத்தோடு எம்.ஓ.டி. ரத்துக்கான ரசீதையும் வாங்கிச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்யுங்கள். பிறகு வில்லங்கச் சான்றிதழ் ஒன்று போட்டு, அந்த ரசீது ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். ஏறாவிட்டால் வீட்டை விற்கப் போகும் அன்று, அடைத்து முடித்த கடன் வில்லங்கத்தில் அப்படியே நிற்கும்.