வீடு கட்டுவோர் கேள்வி – பதில்: கல்லின் ஓரத்தைப் பாருங்கள்

கேள்வி: பூஜை அறைக்கும் ஹாலுக்கும் வெள்ளை மார்பிள் பார்த்துவருகிறோம். ஒரே மாதிரி இருக்கும் கல்லை ஒரு கடையில் மக்ரானா (ராஜஸ்தான் மார்பிள்) என்கிறார்கள், இன்னொரு கடையில் இத்தாலியன் என்கிறார்கள். அசலா, செயற்கையா என்று எப்படித் தெரிந்துகொள்வது? – ஒரு வாசகி, திருச்சி

பதில்: பாலிஷ் போட்ட முகத்தை வைத்து எதையும் சொல்ல முடியாது. ஓரத்தைப் பாருங்கள். அசல் கல்லில் மேலே ஓடும் வரி ஓரத்திலும் இறங்கி அடிவரை போகும். மார்பிள் போல அச்சிட்ட டைலில் பெரும்பாலும் அந்த அச்சு மேற்பரப்போடு சரி. கீழே ஒரே நிறம்தான். நாலைந்து கற்களை வரிசையாக நிறுத்தச் சொல்லுங்கள். ஒரே பாறையில் அடுத்தடுத்து அறுத்தவை என்றால் வரிகள் கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்திருக்கும். அச்சு அசலாக அதே இடத்தில் அதே புள்ளி வந்தால் அது மெஷின் வேலை.

அடுத்து, ஒரு உடைந்த துண்டு கேட்டு வாங்குங்கள். தரத் தயங்கும் கடையில் வாங்காமல் இருப்பதே நல்லது. உடைந்த இடம் மார்பிளில் சர்க்கரைக்கட்டி போல மினுமினுக்கும். அங்கே கத்தியால் கீறினால் வெள்ளைப் பொடி உதிரும். டைலிலும் குவார்ட்ஸ் என்ற செயற்கைக் கல்லிலும் கீறல் விழாது; கத்தியின் இரும்புதான் கறுப்புக் கோடாக ஒட்டும். எடையை நம்பாதீர்கள்: 18 மி.மீ. மார்பிள் சதுர அடிக்குச் சுமார் 4.5 கிலோ, கிரானைட்டும் கிட்டத்தட்ட அதேதான்.

பளபளப்பான பக்கத்தில் எலுமிச்சைச் சாறு ஒரு சொட்டு விட்டு, 10 நிமிடம் கழித்துக் கழுவுங்கள். மார்பிள் என்றால் அந்த இடம் மங்கிப்போகும். ஆசிட் பரிசோதனை வேண்டுமானால் 10 பங்கு தண்ணீரில் 1 பங்கு ஹைட்ரோகுளோரிக் ஆசிட்டை ஊற்றுங்கள். ஆசிட்டில் தண்ணீரை ஊற்றக் கூடாது. மக்ரானா உடனே நுரைக்கும். ராஜஸ்தானின் இன்னொரு மார்பிளான ராஜ்நகர் கல் டோலமைட் என்ற கனிம வகை, கல்லின் மேல் அப்படியே ஆசிட் விட்டால் நுரை மந்தமாக இருக்கும். சுரண்டிய பொடியில் விட்டால்தான் நுரை தெரியும். அதைப் போலி என்று தள்ளிவிடாதீர்கள்.

ஏமாறுவது பெரும்பாலும் காம்போசிட்டில்தான். மார்பிள் சில்லுகளை ரெசின் என்ற பிளாஸ்டிக் பசையில் ஒட்டிச் செய்வதால் கத்தியும் கீறும், ஆசிட்டும் நுரைக்கும். ஓரத்தில் தொடர்ந்து ஓடும் வரி இருக்காது, எங்கும் ஒரே சீராகத் தூவிய சில்லுகள்தான். புதிதாக உடைத்த இடத்தில் பழுக்கக் காய்ச்சிய ஊசியை வையுங்கள். பிளாஸ்டிக் தீயும் வாடை வரும். கல்லின் முதுகில் வைத்துப் பார்க்காதீர்கள். அசல் இத்தாலியன் கல்லுக்கும் பின்னால் ரெசின் தடவி வலை ஒட்டுவது வழக்கம், அதுவும் அதே வாடைதான் அடிக்கும்.

கேள்வி: ராஜஸ்தான் கிரீன் மார்பிளில் ஆசிட் விட்டேன், நுரைக்கவே இல்லை. ஏமாந்துவிட்டேனா? – ஒரு வாசகர், சேலம்

பதில்: இல்லை. அது செர்பென்டைன் என்ற வேறு வகைப் பாறை. வியாபாரத்தில்தான் மார்பிள் என்கிறார்கள். ஊடே ஓடும் வெள்ளை வரி நுரைக்கலாம், பச்சைப் பகுதி நுரைக்காது. சாயம் ஏற்றியதா என்றுதான் பார்க்க வேண்டும்: வெள்ளைத் துணியில் அசிட்டோன் நனைத்துத் தேய்த்தால் பச்சை ஒட்டக் கூடாது. இந்தக் கல்லில் சில வகை ஈரச் சிமென்ட்டில் பதித்தால் வளைந்து தூக்கிக்கொள்ளும். எபாக்ஸி பசையில் ஒட்டச் சொல்லுங்கள்.

கேள்வி: சமையல் மேடைக்கு அசல் மார்பிள் போடலாமா? – ஒரு வாசகி, காரைக்குடி

பதில்: வேண்டாம். புளிக்கரைசல் சிந்தினாலே தழும்பு விழும், மஞ்சள் கறை இறங்கும். கிரானைட் போடுங்கள்.