ஒரு பென்னி வரியின் கணக்கு

அன்புள்ள ஐயா,

ஜார்ஜ் லேன்ஸ்பரி பற்றிய கட்டுரையில் அவரை 'முதலில் கவுன்சிலர், அப்புறம்தான் எம்.பி.' என்று எழுதியிருந்தீர்கள். எனக்கு அது ஒப்பவில்லை. 1932 முதல் 1935 வரை பிரிட்டனின் லேபர் கட்சிக்கே தலைவராக இருந்தவர். பிறகு ஹிட்லரைப் பார்த்துப் பேசினால் போரைத் தடுத்துவிடலாம் என்று நம்பிப் போனவர். அவரை எடைபோட வேண்டியது அந்தத் தோல்வியை வைத்துத்தானே? இன்னொரு சந்தேகம். 1921இல் கிழக்கு லண்டனின் போப்லர் கவுன்சிலர்கள் வரி கட்ட மறுத்துச் சிறைக்குப் போனார்கள் என்கிறார்கள். வரி வாங்குகிற கவுன்சிலே வரி கட்ட மறுப்பது எப்படி? பின்னால் வந்தவர்களுக்கு அது ஏன் பலிக்கவில்லை?

கே.எஸ்., மதுரை

அன்புள்ள கே.எஸ்.,

இரண்டாவது கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். அது தெளிந்தால் மற்றதற்கும் வழி கிடைக்கும்.

போப்லர்க்காரர்கள் வரி கட்ட மறுக்கவில்லை, வரி விதிக்க மறுத்தார்கள். அன்றைய லண்டனில் ஒவ்வொரு பரோ (நகரப் பகுதி) கவுன்சிலும் தன் தெருவிளக்கு, குப்பைச் செலவோடு நான்கு மேலமைப்புகள் கேட்கும் தொகையையும் சேர்த்து வரி விதித்து, வசூலித்து, அவற்றுக்குக் கட்ட வேண்டும். லண்டன் கவுண்டி கவுன்சில், போலீஸ், தண்ணீர் வாரியம், தொற்றுநோய் மருத்துவமனைகளை நடத்திய அசைலம் வாரியம் ஆகியவை அந்த நான்கு. சொத்தின் வாடகை மதிப்பில் பவுனுக்கு, அதாவது பவுண்டுக்கு, இத்தனை பென்னி என்பதுதான் வரி. பவுனுக்கு ஒரு பென்னி போட்டால் பணக்கார வெஸ்ட்மின்ஸ்டரில் 31,719 பவுன் வரும். கப்பல்துறைக் கூலிகள் குடியிருந்த போப்லரில் 3,643 பவுன்தான். அங்கே ஒரு பென்னியில் வருவதை இங்கே திரட்ட ஒன்பது பென்னி போட வேண்டும்.

இந்த வித்தியாசம் மிகக் கடுமையாக வதைத்த இடம் ஏழை நிவாரணம். வேலையிழந்த ஒரு குடும்பத்தை வொர்க்ஹவுஸ் என்ற விடுதிக்குள் அடைத்தால், அந்தச் செலவைப் பங்கிட்டுக்கொள்ள 1867 முதலே லண்டனுக்கென்று ஒரு பொது நிதி இருந்தது. அதே குடும்பத்தை வீட்டிலேயே இருக்கவிட்டு வாராவாரம் பணம் கொடுத்தால் முழுச் செலவும் உள்ளூர் வரிதாரர் தலையில் விழும். ஏழைக் குடும்பத்தைப் பிரிக்காமல் காப்பாற்றுகிற ஊருக்கு அபராதம் போட்டதுபோல இருந்தது சட்டம். லேன்ஸ்பரிக்கு இது புத்தகப் படிப்பால் வந்த அறிவு அல்ல. 1893 முதல் போப்லரின் ஏழை நிவாரண வாரியத்தில் உட்கார்ந்தவர் அவர். வொர்க்ஹவுஸ் முதியோருக்கு ஊற்றிய ஓட்ஸ் கஞ்சியில் எலிப்புழுக்கை கிடந்ததைக் கண்ணால் பார்த்தவர்.

1921இல் வேலையில்லாதோர் தொகை பெருகியபோது, மேலமைப்புகள் நான்கின் பங்கையும் விதிப்பிலிருந்து எடுத்துவிடுவதென்று மார்ச்சில் கவுன்சில் தீர்மானித்தது. கவுண்டி கவுன்சில் வழக்குப் போட்டது; வரி விதிக்கும்படி உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது; கவுன்சில் அசையவில்லை. செப்டம்பரில் நீதிமன்ற அவமதிப்புக்காக லேன்ஸ்பரி உட்பட 30 பேர் சிறைக்குப் போனார்கள். 25 ஆண்கள் பிரிக்ஸ்டனில், 5 பெண்கள் ஹாலோவேயில். உள்ளே போயும் அவர்கள் கவுன்சிலர்களாகவே இருந்தார்கள். பிரிக்ஸ்டன் சிறைக்குள்ளேயே கவுன்சில் கூட்டம் நடந்தது. பெண் உறுப்பினர்களை ஹாலோவேயிலிருந்து வண்டியில் கூட்டிவந்தார்கள்.

இது பலித்ததற்குக் காரணம் சட்டத்தில் இருந்த ஓர் ஓட்டை. வரி விதிக்கும் அதிகாரம் கவுன்சிலுக்கு மட்டுமே உண்டு; நீதிபதியால் அவர்களைச் சிறையில் போட முடியும், அவர்களுக்குப் பதிலாக வரி விதிக்க முடியாது. எத்தனை நாள் அடைத்து வைத்தாலும் மேலமைப்புகளுக்குக் காசு வரப்போவதில்லை. பக்கத்திலிருந்த ஸ்டெப்னியும் பெத்னல் கிரீனும் அதே வழியில் போகத் தீர்மானித்ததும் அரசாங்கம் இறங்கி வந்தது. ஆறு வாரத்தில் விடுதலை. அந்த ஆண்டே வந்த சட்டம் வீட்டோடு தரும் நிவாரணத்தையும் லண்டன் பொது நிதிக்கு மாற்றியது. லேன்ஸ்பரியின் மருமகள் மின்னி சிறைசென்ற ஐந்து பெண்களில் ஒருவர். 1922 புத்தாண்டு நாளில் இறந்தார், வயது 32.

பின்னால் வந்தவர்களைச் சிக்கவைத்தது வேறோர் ஆயுதம்: தணிக்கை. போப்லர் தன் ஊழியருக்கு, ஆணானாலும் பெண்ணானாலும், வாரம் குறைந்தது 4 பவுன் கொடுத்தது. விலைவாசி இறங்கிய பிறகும் அதைக் குறைக்கவில்லை. ஆடிட்டர் 5,000 பவுனைக் கவுன்சிலர்களே சொந்தக் கையிலிருந்து கட்ட வேண்டும் என்று எழுதினார். அன்று நாட்டின் உச்ச நீதிமன்றமாகவும் இருந்த பிரபுக்கள் சபை 1925இல் அது சரியே என்றது. ஆணுக்கும் பெண்ணுக்கும் சமக்கூலி என்ற ஆசையையே தீர்ப்பில் ஒரு நீதிபதி குற்றமாக எழுதினார். இன்று படித்தாலும் கோபம் வருகிறது. 1985இல் லாம்பெத்திலும் லிவர்பூலிலும் கவுன்சிலர்கள் வரி விதிக்காமல் இழுத்தடித்தபோது சிறைக்கு அனுப்பவே தேவைப்படவில்லை. தாமதத்தால் ஏற்பட்ட நஷ்டத்தை ஆடிட்டர்கள் கவுன்சிலர்களின் கணக்கில் எழுதினார்கள், பதவியும் பறிபோனது. சிறைவாசத்தை ஊர் கொண்டாடும்; சொந்த வீட்டுக்கு வரும் கடன் நோட்டீஸைத் தனியாகத்தான் தாங்க வேண்டும். 2000இல்தான் ஆடிட்டரின் அந்த அதிகாரம் நீக்கப்பட்டது.

இனி உங்கள் முதல் கேள்வி. எம்.பி.யாக அவர் பல தடவை சறுக்கினார். 1912இல் பெண்கள் வாக்குரிமைக்காகப் பதவியை விட்டு விலகி, அதே தொகுதியில் மறுபடி நின்று, 751 ஓட்டில் தோற்றார். ஓட்டுப் போட்டவர்கள் அத்தனை பேரும் ஆண்கள். இந்தியாவுக்குத் தன்னாட்சி கேட்டு அன்னி பெசன்ட் முயற்சியில் உருவான இந்தியக் காமன்வெல்த் மசோதாவை 1925இல் காமன்ஸ் சபையில் கொண்டுவந்தவரும் அவர்தான். அதுவும் மேலே நகரவில்லை. ஹிட்லர் விஷயத்தில் நீங்கள் சொல்வது சரி, அதை நான் பூசி மெழுகமாட்டேன். ஆனால் அமைச்சராக இருந்த இரண்டே ஆண்டில் அவர் விட்டுப்போனதைப் பாருங்கள்: ஹைட் பார்க்கின் செர்பென்டைன் ஏரியில் ஆணும் பெண்ணும் சேர்ந்து குளிக்க ஒரு நீச்சல் துறை. அது ஒரு வார்டு கவுன்சிலரின் வேலை. 1937 ஏப்ரலில் பெர்லின் போனபோதும் அவர் போப்லரின் மேயர்தான், இரண்டாவது முறையாக.