பாஸ்போர்ட்ட மொதல்ல பொண்ணு கைல குடுங்க

வணக்கம் மேடம்,

நான் ஈசூன்ல இருக்கேன், 30 வருஷமா சிங்கப்பூர்தான். என் பொண்ணுக்கு 27 வயசு, அக்கவுன்டன்ட். கூட வேலை பாக்குற பையன கட்டிக்கப் போறேன்னு ஆர்ஓஎம்ல, அதான் கல்யாணப் பதிவு ஆபீஸ்ல, பேர் குடுத்துட்டா, குடுத்த பிறகுதான் எங்களுக்கே தெரியும். பையன் நம்ம தமிழ்ப் பையன்தான், ஆனா வேற ஜாதி. ஊர்ல பங்காளிங்க முகத்துல எப்படி முழிக்கிறது? ஆட்சேபனை குடுத்தா பதிவ நிறுத்தலாம்னு ஒருத்தர் சொன்னார். ஒரு மாசம் ஊருக்குக் கூட்டிட்டு வா, குலதெய்வத்துக்குப் பூசை போட்டா மனசு மாறிடும்னு எங்க அண்ணன் சொல்றார். அவ பாஸ்போர்ட் இப்ப என் பீரோவுலதான் இருக்கு. 21 வயசுக்குக் கீழ பெத்தவங்க சம்மதம் கேக்குற கவர்மென்ட், அதுக்கு மேல எங்கள ஏன் ஒரு வார்த்தை கேக்க மாட்டேங்குது?

பேர் போட வேண்டாம்.

அன்புள்ள அண்ணனுக்கு,

பாஸ்போர்ட்ட மொதல்ல குடுத்துடுங்க. எந்திரிச்சுப் போயி பீரோவத் திறந்து அவ கைல குடுத்துட்டு வந்து மீதிய படிங்க. கோவத்துல சொல்லல, பயத்துல சொல்றேன், ஏன்னு கீழ சொல்றேன்.

ஆட்சேபனை விஷயத்துல உங்ககிட்ட சொன்னவர் பாதிதான் சொல்லியிருக்கார். கல்யாணத்துக்குக் குறைஞ்சது 21 நாள் முன்னாடி பேர் குடுக்கணும், அந்த நேரத்துல யார் வேணாலும் எதிர்ப்பு பதியலாம், 1961-ல வந்த மாதர் சாசனம்ங்கிற நம்ம சிங்கப்பூர் கல்யாண, குடும்பச் சட்டத்துலயே அது இருக்கு. ஆனா பதிவாளர் என்ன பாப்பார்னா ஏற்கனவே கல்யாணம் ஆனவங்களா, வயசு வந்தவங்களா, கட்டிக்கக் கூடாத நெருங்கின ரத்த உறவா, அந்த மாதிரி விஷயங்கதான். ஜாதி வேற, சொந்தக்காரங்க ஒத்துக்கல, இதுக்கெல்லாம் அங்க இடமே இல்ல. காரணமே இல்லாம எதிர்ப்பு குடுத்தா செலவும் நஷ்ட ஈடும் உங்க தலையில விழும், அதுவும் உங்க பொண்ணே உங்க மேல கேஸ் போட்டு வாங்குற மாதிரி, அந்த நிலைமைய நினைச்சுப் பாருங்க.

21-க்குக் கீழ சம்மதம் கேக்குறது பிள்ளைக்கு அனுபவம் பத்தாதுன்னுதான், பெத்தவங்களுக்கு பிள்ளை மேல ஆயுசுக்கும் பாத்தியதை இருக்குன்னு இல்ல. உங்க பொண்ணு அந்தக் கோட்டத் தாண்டி ஆறு வருஷம் ஆச்சு.

நாலஞ்சு வருஷம் முன்னாடி எங்க பக்கத்து புளோக் பொண்ணு ஒண்ணுக்கு நான் சாட்சிக் கையெழுத்து போட்டேன். அவ அப்பா வரல. அம்மா மட்டும் தேக்காவுல வாங்கின மல்லிகைப்பூவ ஒரு பிளாஸ்டிக் பையில வெச்சுக்கிட்டு கடைசி நாற்காலில உக்காந்திருந்தாங்க, தலையில வெச்சுவிடவும் இல்ல, கீழ வைக்கவும் இல்ல. பதிவு செய்யிறவர் பையன்கிட்ட ஒரு கேள்வி, பொண்ணுகிட்ட ஒரு கேள்வி, இவர ஏத்துக்கிறியான்னு. அவர் இங்கிலீஷ்ல கேட்டு முடிக்கிறதுக்குள்ள இவ தமிழ்ல "ஆமா"ன்னுட்டா. அந்த ரூம்ல எட்டுப் பேர் இருந்தோம் அண்ணே, கேள்வி அந்த ரெண்டு பேருக்கு மட்டும்தான். மிரட்டி வாங்கின சம்மதம்னா அந்தக் கல்யாணத்தையே ரத்து பண்ணச் சொல்லி கோர்ட்டுக்குப் போக நம்ம சட்டத்துல வழி இருக்கு, அந்தப் பதிலுக்கு அவ்வளவு மதிப்பு.

ஊர்ல சட்டம் வேறன்னு நினைக்காதீங்க. கேரளாவுல ஒரு அப்பா இதே மாதிரி கோர்ட்டுக்குப் போனார், ஹாதியா வழக்குன்னு கேள்விப்பட்டிருப்பீங்க, சேலத்துல ஹோமியோபதி படிச்ச பொண்ணு. 2017-ல ஹைகோர்ட் கல்யாணத்தையே ரத்து பண்ணி அப்பா வீட்டுக்கு அனுப்புச்சு. பொண்ணு டெல்லி வரைக்கும் போயி எனக்கு சுதந்திரம் வேணும்னு நின்னா, 2018 மார்ச்ல சுப்ரீம் கோர்ட் கல்யாணம் செல்லும்னு சொல்லிடுச்சு. அதே மாசம் சக்தி வாகினி வழக்குல, வயசு வந்த ரெண்டு பேர் சம்மதிச்சா குடும்பமோ ஜாதியோ சம்மதிக்கத் தேவையில்லன்னும், மிரட்டல் இருந்தா போலீஸ் பாதுகாப்பு குடுக்கணும், தங்க பத்திரமான இடம் குடுக்கணும்னும் உத்தரவு போட்டாங்க.

அப்படியும் 2025 ஜூலைல பாளையங்கோட்டைல பட்டப்பகல்ல ஒரு ஐடி பையன வெட்டிக் கொன்னாங்க, அவன் பழகின பொண்ணோட கூடப்பிறந்தவனத்தான் கைது பண்ணாங்க. ஆணவக் கொலைக்குத் தனிச் சட்டம் வேணும்னு ரொம்ப நாளா கேட்டுட்டு இருந்ததுக்கு, அந்த அக்டோபர்லதான் ஓய்வுபெற்ற நீதிபதி கே.என். பாஷா தலைமைல தமிழ்நாடு அரசு ஆணையம் போடுறதா அறிவிச்சுது. என் பயம் இப்ப புரியுதா அண்ணே? உங்க அண்ணன் கெட்டவர்னு நான் சொல்லவே இல்ல, அவர எனக்குத் தெரியாது. ஆனா ஒரு மாசம்னு கூட்டிட்டுப் போயி, போன புடுங்கி, பங்காளிங்க எல்லாம் கூடி உக்காந்து பேச ஆரம்பிச்சா அங்க என்ன நடக்கும்ங்கிறது உங்க கைல இருக்காது. விருப்பமில்லாம அடைச்சு வைக்கிறது அங்கயும் குற்றம், இங்கயும் குற்றம். இங்க அத குடும்ப வன்முறையாவே பாப்பாங்க, அப்பா மேலயே பாதுகாப்பு ஆணை வாங்கலாம்.

(இத அந்தப் பொண்ணு மாதிரி யாராவது படிச்சீங்கன்னா, 1800-777-0000, குடும்ப வன்முறைக்கான உதவி எண், எந்த நேரமும் கூப்பிடலாம்.)

உங்க கடிதத்த நாலு தடவ படிச்சேன். பங்காளிங்க இருக்காங்க, அண்ணன் சொன்னது இருக்கு, யாரோ ஒருத்தர் சொன்னது இருக்கு, பொண்ணு என்ன சொன்னான்னு ஒரு வரி இல்ல. பாஸ்போர்ட்ட குடுக்கும்போது அவ பக்கத்துல கொஞ்ச நேரம் உக்காருங்க. பையன் எப்படிப்பட்டவன்னு அவ வாயாலயே கேளுங்க, என்னைக்குக் கல்யாணம்னும் கேளுங்க, அந்தத் தேதியும் உங்க கடிதத்துல இல்ல.